பட்டனுக்காகச் செய்தவை

அன்புள்ள அம்மிணிக்கு,

நீ எழுதியது வியாழக்கிழமைத் தபாலில் வந்தது. உன் அப்பா தேயிலை ஃபாக்டரியிலிருந்து வந்து கைகால் கழுவியதும் அவருக்கு வாசித்துக் காட்டினேன். புது வீட்டைப் பற்றி நாலு வரி, மிச்சம் முழுவதும் பட்டனைப் பற்றி. நல்லேப்பிள்ளிக்கு வந்ததிலிருந்து அவன் சரியாகச் சாப்பிடவில்லை, பஸ் சத்தம் கேட்டால் படலுக்குப் போய் நின்றுகொள்கிறான், நான் செய்வது போலவே நீயும் கேழ்வரகு பிஸ்கட் செய்து வைத்தாய், மோந்து பார்த்துவிட்டுத் திரும்பிக்கொண்டான் என்றெல்லாம் எழுதியிருந்தாய். உன் மாமியார் அவன் தட்டைப் பார்த்துவிட்டு, "ஏங்கண்ணு, இது நாயா, கண்ணாலத்துக்கு வந்த சம்மந்தியா? எல போட்டுப் பரிமாறோணுமாக்கும்" என்று கேட்டதையும் எழுதியிருந்தாய். கடைசியில், "சித்தி, நீங்க வந்து அவனக் கூட்டிட்டுப் போயிருங்க. எங்கிட்ட இருந்தா செத்துப் போவான்" என்று முடித்திருந்தாய். உன் அப்பா சிரித்தார். "நாய் சோறு திங்கலங்கதுதான் எம்மவளுக்குக் கவலைன்னா, அப்ப நல்ல எடத்துலதான் குடுத்திருக்கோம்" என்றார். அவர் சொன்னதில் தப்பில்லை. எனக்குத்தான் சிரிப்பு வரவில்லை. 'எங்கிட்ட இருந்தா' என்ற இடத்திலேயே நின்றுவிட்டேன்.

ஒரு கார்டில் பதில் எழுதிவிடலாம் என்றுதான் உட்கார்ந்தேன். எழுதத் தொடங்கியதும் அது போதாது என்று தெரிந்தது. யோசித்துப் பார், உனக்கும் எனக்கும் நடுவில் இத்தனை வருஷமாக நடந்த பேச்சில் பாதிக்குமேல் அந்த நாயைப் பற்றியது. அவனுக்குச் சோறு வைத்தாயா, அவன் காலில் அட்டை ஏறியிருக்கிறதா, கதவைச் சாத்து அவன் வெளியே போய்விடுவான். நேராகச் சொல்ல வேண்டியதை எல்லாம் நாம் அவன் தலைமேலேயே வைத்துப் பேசினோம். இந்தக் கடிதமும் அவனில்தான் தொடங்குகிறது. முடிகிறபோதாவது உன்னிடம் வந்து சேர வேண்டும் என்று நினைத்துக்கொண்டு எழுதுகிறேன்.

முதலில் அவனுக்கு வேண்டியதைச் சொல்லிவிடுகிறேன், அதில் தாமதம் கூடாது. அவன் மலை நாய், வயதும் ஆகிவிட்டது. சித்திரையில் அவனை அந்த வெயிலுக்கு அனுப்பியது என் புத்திக்குறைவு. நான் பிறந்து வளர்ந்த பெருமாட்டி அங்கிருந்து எட்டிப்பார்க்கிற தூரம், அந்த மண்ணில் மத்தியானம் கால் வைக்க முடியாது என்பது எனக்குத் தெரியாததா? நான் கொடுத்தனுப்பிய பெட்டியையும் மெத்தையையும் எடுத்து மச்சில் போட்டுவிடு. உடைந்த பெரிய பானை ஒன்றை வீட்டில் கேள், நெல் வேகவைக்கிற வீட்டில் அது இல்லாமல் இராது. பாதிப் பானையைத் தென்னை மூட்டில் சாய்த்துப் புதைத்து, உள்ளே ஈர மணல் போட்டு, மேலே நனைத்த சாக்கு விரித்து வை. அவனே தேடிப் போய்ப் படுத்துக்கொள்வான். கழுத்திலும் வயிற்றிலும் முடியைக் கத்தரித்துவிடு, முதுகில் வேண்டாம். கேழ்வரகுக் கூழைத் தண்ணீராகக் கரைத்து மோர் விட்டுக் கொடு, உப்பு போடாதே. இளநீர் வழுக்கையை விரலால் மசித்துத் தயிர்ச் சோற்றில் பிசைந்து நெல்லிக்காய் அளவு உருட்டி, தண்ணீர்ப் பானையடியில் வைத்துக் குளிரவிட்டு, வெயில் தாழ்ந்த பிறகு ஒவ்வொன்றாகக் கொடு. பிஸ்கட் இப்போது வேண்டாம். நான் செய்கிற மாதிரி உனக்கு வரவில்லை என்று நினைத்துக்கொள்ளாதே. வெயிலில் வாய் காய்ந்து கிடக்கிற நாய் உலர்ந்த பண்டத்தைத் தொடாது, அவ்வளவுதான்.

இனி, எழுத உட்கார்ந்த காரணத்துக்கு வருகிறேன்.

நான் இந்த வீட்டுக்கு வந்தபோது எனக்கு இருபது, உனக்கு ஒன்பது. உன் கல்யாணத்தில் உன் கணவர் வீட்டு மனுஷி ஒருவர் என்னை உன் அக்காவா என்று கேட்டார், நீ அதைக் கேட்டும் கேட்காதது போல் நின்றாய். உன் அம்மா போய் ஒன்றரை வருஷம் ஆகியிருந்தது. எஸ்டேட் பங்களாவில் இருந்த வெள்ளைக்காரத் துரை ஊருக்குக் கப்பலேறுகிற சமயத்தில், அவருடைய குட்டைக்கால் நாய்க்கும் தொழிலாளர் லயத்து நாய் ஒன்றுக்கும் பிறந்த குட்டியை உன் அப்பா உனக்கென்று கேட்டு வாங்கி வந்திருந்தார். வீடு சத்தமில்லாமல் இருந்ததாம், அதற்காக. நான் வலது கால் வைத்து உள்ளே வந்தபோது நீ அடுக்களைக் கதவோரம் அவனை மடியில் இறுக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தாய். அவன் மூக்கு கோட்டுப் பொத்தான் மாதிரி கறுப்பாகப் பளபளத்தது. எங்கள் ஊர் வழக்கப்படி உன்னை, "ஏன் அம்மிணி, இங்க வாயேன்" என்று கூப்பிட்டேன். "எம்பேரு அம்மிணி இல்ல" என்றாய். பிறகு என்ன நினைத்தாயோ, "இவன் பேரு பட்டன்" என்றாய். உன் பெயரை நீயாகச் சொல்லவில்லை. அவன் பெயரைச் சொன்னாய். எனக்குத் திறந்த கதவு அதுதான் என்று நான் நினைத்துவிட்டேன். அது கதவில்லை, நீ ஒளிந்துகொண்டிருந்த இடம். அந்த வித்தியாசத்தை அன்றைக்கே புரிந்துகொண்டிருந்தால் இந்தக் கடிதம் இத்தனை நீளம் இராது.

நான் அதிகம் பேசுகிறவள் இல்லை என்பது உனக்குத் தெரியும். கல்யாணத்துக்கு முன்பு பெருமாட்டிக்குப் பக்கத்துச் சித்தூர் வாசகசாலையிலிருந்து அண்ணன் எடுத்துவரும் புத்தகங்களைத் தமிழிலும் மலையாளத்திலுமாக வாசித்துத் தீர்த்தவள். அதில் எத்தனையோ தாயில்லாப் பிள்ளைகள் வந்தார்கள். ஒவ்வொருவருக்காகவும் அழுதிருக்கிறேன். நிஜமாக ஒரு பிள்ளை எதிரே உட்கார்ந்து ரசத்தில் விரலால் கோலம் போட்டுக்கொண்டிருந்தபோது என்ன பேசுவதென்று தெரியவில்லை. சாப்பிடு என்றால் அதிகாரம் செய்கிறேன் என்று நினைப்பாயோ, தலை பின்னட்டுமா என்றால் உன் அம்மாவின் கையை நினைத்துக்கொள்வாயோ என்று ஒவ்வொன்றையும் நாக்கு நுனிவரை கொண்டுவந்து விழுங்கிவிடுவேன். அந்தச் சமயத்தில்தான் ஆனி மாதத்து மழை பிடித்தது. பட்டன் குளிரில் வெடவெடவென்று நடுங்கினான். எனக்குச் செய்ய ஒரு வேலை கிடைத்தது.

ஃபாக்டரியில் கழித்துப் போட்ட தேயிலைப் பெட்டி ஒன்றை உன் அப்பா கொண்டுவந்து கொடுத்தார். மேல் பாதியை அறுத்து, விளிம்பில் அடித்திருந்த தகட்டைப் பிடுங்கி உரசி, என் பழைய புடவைக் கரையை மடித்துத் தைத்தேன். போடியிலிருந்து வாங்கி வந்த இலவம் பஞ்சை அடைத்து அளவாக ஒரு மெத்தை. உன் அப்பாவின் ஸ்வெட்டர் ஒன்று மார்பில் நைந்து போயிருந்தது. அதன் கையை வெட்டியெடுத்து, காலுக்கு இரண்டு துளை போட்டு ஓரம் அடித்தேன். மணிக்கட்டுப் பக்கம் அவன் கழுத்துக்கும் தோள் பக்கம் அவன் இடுப்புக்கும் அளவெடுத்தது போல் பொருந்தியது. அதைப் பார்த்து நீ சிரித்தாய். என் முன்னால் நீ சிரித்த முதல் சிரிப்பு அதுதான். அந்த ஒரு சிரிப்புக்காக அடுத்த இரண்டு வருஷமும் நான் தைத்துக்கொண்டே இருந்தேன் என்று சொன்னால் நீ நம்புவாயா?

அட்டை கடிக்காமலிருக்க அவனுக்கு மேஜோடு தைத்தது ஞாபகமிருக்கிறதா? கொழுந்தெடுக்கிற பெண்கள் முழங்கால்வரை கட்டிக்கொள்வது போலவே, நெருக்கமாக நெய்த துணியில் நாலு காலுக்கும் நாலு பை, மேலே சுருக்குக் கயிறு. அவன் சுடுமணலில் நடப்பவன் மாதிரி ஒவ்வொரு காலாக உயரத் தூக்கி வைத்து நடந்தான். பெரட்டுக்குப் போய்க்கொண்டிருந்த பெண்கள் வழியில் நின்றுவிட்டார்கள். வேலைக்குப் பெயர் கொடுக்கிற நேரத்தையும் மறந்து, "டீமேக்கரய்யா வீட்டம்மா, அப்பிடியே தலைக்கு ஒரு தொப்பியும் வச்சிருங்க. பங்களா சும்மாத்தான கெடக்கு, இவரையே தொரையா வச்சிக்கிடுதோம்" என்று ஒருத்தி சொன்னாள். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். நீ மட்டும் அவனைத் தூக்கிக்கொண்டு உள்ளே போய், நாலு பையையும் அவிழ்த்துக் கொடியில் போட்டுவிட்டாய். வெட்கப்பட்டாய் என்று நினைத்தேன். அவன் உன்னுடைய நாய், ஊர் சிரிப்பதற்கு அவனை நான் எடுத்துக் கொடுத்துவிட்டேன் என்று நீ நினைத்திருக்கலாம். நான் கேட்கவில்லை.

பிறகு தின்பண்டம். கேழ்வரகு மாவில் அவித்த பூசணியையும் ஒரு முட்டையையும் போட்டுப் பிசைந்து, தட்டி, இருமல் மருந்துப் புட்டியின் மூடியால் வட்டம் வட்டமாக வெட்டுவேன். மணல் பரப்பிய சட்டியில் தட்டை இறக்கி, மேல் மூடியில் தணல் போட்டால் ஒரு மணி நேரத்தில் மொறுமொறுவென்று வந்துவிடும். ஞாயிற்றுக்கிழமை ஆடு அடித்தால் ஈரலில் ஒரு துண்டு தனியாக வாங்கி, உப்பில்லாமல் வேகவைத்து, தாள் கனத்துக்குச் சீவி, அடுப்புக்கு மேலே கம்பியில் கோத்துத் தொங்கவிடுவேன். புகையில் காய்ந்து கறுத்துச் சுருண்டுகொள்ளும். நீ பள்ளிக்கூடத்துக்குப் போயிருக்கிற நேரத்தில் இதையெல்லாம் செய்து டப்பாவில் போட்டு வைப்பேன். நீ வந்து பார்த்து ஆச்சரியப்பட வேண்டும் என்பது என் ஆசை. ஆனால் செய்த கை சும்மா இருக்குமா? சூடு ஆறுவதற்குள் ஒன்றை எடுத்து அவன் வாயில் போட்டுப் பார்ப்பேன். உட்கார் என்றால் உட்கார, கை கொடு என்றால் கொடுக்கக் கற்றுக்கொடுத்தேன். நீ நாலு மணிக்கு வரும்போது அவனுக்கு வயிறு நிறைந்திருக்கும். நீ நீட்டுகிறதை ஒரு நாள் வாங்குவான், ஒரு நாள் வாங்காமல் என் கையைப் பார்ப்பான். டப்பாவை உன் கையில் கொடுத்து, நீ கொடு என்று சொல்லியிருந்தால் தீர்ந்தது. அது எனக்குத் தோன்றவே இல்லை. செய்தவள் நான், கொடுக்கிறவளும் நானாக இருக்க வேண்டும் என்று அத்தனை இயல்பாக நினைத்துவிட்டேன்.

அரப்பு விஷயத்தையும் சொல்ல வேண்டும். உங்கள் பக்கத்தில் தலைக்குச் சீயக்காய். எனக்குப் பெருமாட்டியிலிருந்து அம்மா துணிப்பையில் அரப்புத் தூள் கொடுத்தனுப்புவாள், அது இல்லாமல் எண்ணெய் போகாது. சோப்பு போட்டுக் குளிப்பாட்டினால் பட்டனுக்குத் தோல் வெடித்தது என்று நான் அரப்பைக் கரைத்துத் தேய்த்தேன். முடி பட்டு மாதிரி ஆனது. எனக்குப் பெருமையாக இருந்தது. நீ ஒருநாள் சாயங்காலம் அவனைத் தூக்கி வழக்கம்போல் கழுத்தில் முகத்தைப் புதைத்தாய், உடனே எடுத்துவிட்டாய். "இது மேல உங்க வாசந்தான் அடிக்குது, சித்தி" என்று சொல்லிக் கீழே விட்டுவிட்டாய். கோபமாகக்கூடச் சொல்லவில்லை. என் புடவைக் கரையில் படுக்கை, என் தலைக்குத் தேய்க்கும் தூளில் குளியல், என் கையால் தீனி. ஒரு நாய்க்கு வேறென்ன வேண்டும், யார் தன் ஆள் என்று தீர்மானிக்க? உன் அம்மா இருந்த வீட்டில் உனக்கு உன் அம்மாவின் வாசம் போய்விட்டது. மிச்சமிருந்த ஒரே உயிரின் மேலும் நான் என் வாசத்தைப் பூசிவிட்டேன்.

இதைவிட எனக்கு மறக்காதது அந்த ஈயத்தாள் மாலை. தேயிலைப் பெட்டிக்குள் ஒட்டுகிற பளபளப்பான தாளை நீ எங்கிருந்தோ சேர்த்து, நட்சத்திரம் நட்சத்திரமாக வெட்டி, நூலில் கோத்து, அவன் கழுத்தில் கட்டி என்னிடம் கூட்டிவந்தாய். கார்த்திகைக்கு என்றாய். நட்சத்திரங்கள் ஒன்றும் ஒரே அளவில் இல்லை. நான் பார்த்த உடனே, "ஐயோ, இத முழுங்கிட்டா குடல் அறுந்து போயிருமே கண்ணு" என்று சொல்லிக் கத்தரியை எடுத்து நூலை வெட்டிவிட்டேன். அன்று சாயங்காலமே சிவப்பும் மஞ்சளுமாகத் துணிக் கிழிசலைச் சடைபோல் பின்னி, குஞ்சம் வைத்து அழகான பட்டை ஒன்று செய்து அவனுக்குக் கட்டினேன். எப்படி இருக்கிறது என்று உன்னிடமே கேட்டேன். "நல்லாத்தான் இருக்கு. அப்பிடியே கெடக்கட்டும்" என்றாய். நான் சொன்னது சரி, ஈயத்தாள் ஆபத்துதான். அன்றைக்கு ஒரு மணி நேரம் அது அவன் கழுத்தில் கிடந்திருந்தால் நான் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்திருக்கலாம், அப்புறம் நீயே அவிழ்த்துச் சுவரில் மாட்டியிருக்கலாம். சரியானதைச் சொன்னேன் என்ற திருப்தியில் என்ன செய்தேன் என்று பார்க்கவில்லை. அதற்குப் பிறகு அவனுக்காக நீ எதையும் செய்யவில்லை.

எனக்குப் பிள்ளை பிறக்கவில்லை என்று பேச்சு வந்த வருஷம் அது. பக்கத்துக் குவார்ட்டர்ஸ் அம்மாள் ஒருநாள் வாசலில் நின்று, அந்த நாய்தானே உனக்குப் பிள்ளை, அதனால் உனக்குக் குறை தெரியவில்லை என்றாள். நான் ஆமாம் என்று சிரித்து வைத்தேன். அவள் வாயை அடைப்பதற்காகச் சொன்னது. உள்ளே நீ பாடம் எழுதிக்கொண்டிருந்தாய். ஜன்னல் திறந்திருந்தது. எனக்குப் பிள்ளை ஒன்று இருக்கிறது, இதோ கணக்குப் போட்டுக்கொண்டிருக்கிறது என்று சொல்ல எத்தனை மூச்சு செலவாகியிருக்கும்?

நீ போடியில் ஹாஸ்டலுக்குப் போகிறேன் என்று சொன்னபோது உன் அப்பாதான் தயங்கினார். எஸ்டேட் பள்ளிக்கூடத்தில் அதற்குமேல் வகுப்பில்லை, வேறு வழியும் இல்லை என்று நான்தான் பேசி அனுப்பிவைத்தேன். படிப்பு எனக்குப் பெரிதாகத் தெரிந்தது. அது இன்றைக்கும் பெரிதுதான், அதற்காக வருந்தவில்லை. ஆனால் நீ போகிற நாளில் போடிமெட்டில் பஸ்ஸுக்கு நின்றோமே, அதை நினைத்துத்தான் வருந்துகிறேன். மாநிலங்களைப் பிரிக்கும்போது எல்லை எந்தப் பக்கம் போகும் என்று டீக்கடையில் ஆட்கள் வாதாடிக்கொண்டிருந்தார்கள், உன் அப்பா அதில் போய்க் கலந்துகொண்டார். பட்டன் என் காலடியில் உட்கார்ந்திருந்தான். பஸ் வந்ததும் நீ டிரங்குப் பெட்டியை ஏற்றிவிட்டு, படியில் நின்று திரும்பி, "பட்டா, வா" என்று கூப்பிட்டாய். ஒருமுறைதான். அவன் எழுந்து, என் முகத்தை அண்ணாந்து பார்த்தான். போகலாமா என்று என்னிடம் கேட்டான். போ என்று நான் சொல்வதற்குள் நீ உள்ளே போய்விட்டாய். ஜன்னலோரம் உட்கார்ந்தும் மலைப்பக்கம் திரும்பிக்கொண்டாய். வளைவில் பஸ் மறைந்த பிறகு நான் அவனை ஓங்கி ஒரு அடி அடித்தேன். அவன் எதற்கென்று தெரியாமல் என் கையையே நக்கினான். பாவம், அவன் என்ன செய்வான்? அவனைக் கேட்க வைத்தவள் நான்.

விடுமுறைக்கு வரும்போதெல்லாம் நீ அவனை, போன இடத்தில் யாரோ வீட்டு நாயைத் தட்டிக் கொடுப்பது போல் தட்டிக் கொடுப்பாய். அவனுக்கும் உன்னைப் பிடிக்கும், வாலாட்டுவான், அவ்வளவுதான். ஒவ்வொரு தடவையும் அதைப் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன். அப்போதும் எதைச் செய்தேன்? இன்னொரு மெத்தை தைத்தேன். குடும்பத்தில் ஏதாவது சரியில்லை என்றால் என் கை ஊசியைத் தேடிப் போகிறது, இன்றுவரை அந்தப் பழக்கம் போகவில்லை.

கல்யாணத்தன்று நீ கிளம்பும்போது அவனைப் பெட்டி, மெத்தை, ஸ்வெட்டர், பிஸ்கட் டப்பா சகிதம் உன் மடியில் வைத்தேனே, அதுவும் அந்தப் பழக்கம்தான். எடுத்துக்கொண்டதைத் திருப்பிக் கொடுக்கிறேன் என்று எனக்குள் ஒரு கணக்கு. உனக்கு வேண்டுமா என்று உன்னைக் கேட்கவில்லை. பத்து வருஷம் என்னோடு கிடந்து கிழடாகிப்போன நாயை, இவன் உன்னுடையவன் என்று சொல்லிவிட்டால் உன்னுடையவன் ஆகிவிடுவானா? கூட்டத்தின் நடுவில் நீ வேண்டாம் என்று சொல்லியிருக்க முடியாது. "சரி சித்தி" என்றாய். இப்போது அவன் சாப்பிடாத ஒவ்வொரு வேளையும், உன்னால் ஒன்றை வைத்துக்கொள்ள முடியவில்லை என்று உனக்குச் சொல்லிக் காட்டுவது போல் இருக்கிறது அல்லவா? அந்தப் பாரத்தை உன் மடியில் வைத்தவள் நான். அவனுக்கு ஏதாவது ஆகிவிட்டாலும் அது வெயிலாலும் என்னாலும், உன்னால் இல்லை. இதை உன் மனதில் நன்றாகப் போட்டுக்கொள்.

புது இடத்துக்குப் போன பெண்ணுக்குப் புத்தி சொல்ல வேண்டும் என்பார்கள். எனக்குத் தெரிந்தது ஒன்றே ஒன்றுதான், அதுவும் தப்பாகச் செய்து தெரிந்துகொண்டது. அந்த வீட்டில் யார் மனதையாவது பிடிக்க வேண்டும் என்று தோன்றினால் அவர்களிடமே போ. அவர்களுக்குப் பிடித்த பண்டத்திடமும் மாட்டிடமும் பிள்ளையிடமும் சுற்றிப் போகாதே. உன் மாமியார் நக்கலாகப் பேசுகிறார் என்று எழுதியிருந்தாய். எங்கள் பக்கத்து மனுஷிகள் பிடித்தவர்களிடம்தான் அப்படிப் பேசுவார்கள், பிடிக்காதவர்களிடம் வாயே திறக்கமாட்டார்கள். நீயும் ஒரு வார்த்தை திருப்பிக் கொடு. உன் கணவருக்கு ஏதாவது வருத்தம் என்று தெரிந்தால் பலகாரம் செய்யப் போய்விடாதே, என்ன என்று கேள். கேட்டு, பதில் வருகிறவரை அங்கேயே உட்கார்ந்திரு. பதில் வராவிட்டாலும் உட்கார்ந்திரு. நான் உன்னிடம் அப்படி ஒருநாள்கூட உட்காரவில்லை.

நீ என்னை வரச் சொல்லியிருக்கிறாய். வேண்டாம் என்றுதான் முதலில் தீர்மானித்தேன். நான் வந்தால் அவன் என்னிடம்தான் ஓடி வருவான், மறுபடியும் நீ உன் வீட்டு வாசலிலேயே ஓரமாக நிற்பாய். வராமல் இருந்தால் கொஞ்ச நாளில் மறந்து உன்னிடம் ஒட்டிக்கொள்வான் என்று கணக்குப் போட்டேன். நேற்று முழுக்க அந்தக் கணக்கு எனக்கு மிகவும் உத்தமமாகத் தெரிந்தது. இன்று காலையில் அடுப்பூதிக்கொண்டிருந்தபோது உறைத்தது: இதுவும் அதே காரியம். உன்னிடம் வருவதா வேண்டாமா என்பதையும் நாயை வைத்துத் தீர்மானிக்கிறேன். பத்து வருஷத்தில் முதன்முறையாக நீ என்னை வா என்று எழுதியிருக்கிறாய். நாய்க்காகத்தான் எழுதியிருக்கிறாய், தெரியும். இருந்தாலும் எழுதியிருக்கிறாய்.

அதனால் திங்கட்கிழமை வருகிறேன். போடிக்கு இறங்கி, பஸ் மாறி மாறிப் பொள்ளாச்சி வழியாக வந்தால் இருட்டுவதற்குள் சேர்ந்துவிடலாம் என்று உன் அப்பா சொல்கிறார். அவருக்கு லீவு இல்லை, நான் தனியாகத்தான் வருவேன். பட்டன் என்னைக் கண்டதும் ஓடி வரட்டும், காலைச் சுற்றட்டும், குரைத்து ஊரைக் கூட்டட்டும். நான் அவனுக்குக் குனிவதற்கு முன்னால் உன்னிடம் வந்து, நீ எப்படி இருக்கிறாய் என்று கேட்பேன். அவன் உன்னோடு இருப்பதா, என்னோடு திரும்புவதா என்பதை நீ சொல். இருக்கட்டும் என்று சொன்னால் அங்கே விட்டுவிட்டு வருகிறேன், கூட்டிப் போ என்றால் கூட்டிப் போகிறேன். எதைச் சொன்னாலும் உன்மேல் எனக்கு வருத்தம் வராது.

மகள் வீட்டுக்கு முதல்முதலாகப் போகிறவள் முறுக்காவது சுட்டுக் கொண்டுபோக வேண்டாமா, அவர்கள் என்ன நினைப்பார்கள் என்று உன் அப்பா காலையிலிருந்து சொல்லிக்கொண்டிருக்கிறார். அரிசி ஊறப்போடட்டுமா என்று என் கையும் பரபரக்கிறது. போடவில்லை. உன் மாமியாரிடம் நீயே முன்கூட்டிச் சொல்லி வை, சம்மந்தி வெறுங்கையோடு வருகிறாள் என்று. அவர் நக்கல் செய்தால் செய்யட்டும், கேட்டுக்கொள்கிறேன். உனக்கு என்ன சமைக்க வருமோ அதைச் செய்து போடு. உன் கையால் நான் இதுவரை சாப்பிட்டதில்லை.

உன்
சித்தி